அவனும் சிரிச்சானே!

"சும்மா தமாசுக்குத்தான் சொன்னேன்."

"இதுக்குப் போயா கோவிச்சுக்கறே?"

"அட, அவனே சிரிச்சிட்டான், உனக்கென்னப்பா வந்தது?"

இந்த மூன்று வசனங்களும் ஒரு நாளைக்கு எத்தனை முறை காதில் விழுகின்றன என்று எண்ணிப் பாருங்கள். நம் ஊர் நகைச்சுவைக்கு எவ்வளவு ஜாமீன் தேவைப்படுகிறது என்று புரியும். நல்ல ஜோக்குக்கு ஜாமீன் தேவையே இல்லை. சொன்னோம், சிரித்தார்கள், முடிந்தது. சொன்ன பிறகு வக்கீல் வைத்து வாதாட வேண்டியிருக்கிறது என்றால் எங்கேயோ இடிக்கிறது என்றுதானே அர்த்தம்?

முதல் இரண்டு வசனங்களை விட்டுவிடலாம். அவை சப்பைக்கட்டு என்று சொல்கிறவருக்கே தெரியும். வள்ளுவர் கூட, விளையாட்டுக்குச் செய்தாலும் இகழ்ச்சி துன்பம்தான் என்று பண்புடைமை அதிகாரத்தில் சொல்லி, 'சும்மா தமாசுக்கு' என்கிற ஜாமீன் மனுவை அப்போதே தள்ளுபடி செய்துவிட்டார். மூன்றாவது வசனம்தான் ஆபத்தானது. ஏனென்றால் அது சாட்சியோடு வருகிறது. பாதிக்கப்பட்டவனையே சாட்சிக் கூண்டில் ஏற்றுகிறது. அவனும் சிரிச்சானே!

எந்தக் கல்லூரி கேண்டீனிலும் ஆறு பேர் உட்கார்ந்திருக்கிற ஒரு மேசையைப் பாருங்கள். அந்த ஆறு பேரில் ஒருவன் ஊறுகாய். டீ வரும்வரை, பஜ்ஜி வரும்வரை, அடுத்த வகுப்புக்கு மணி அடிக்கும்வரை மற்ற ஐந்து பேரும் தொட்டுக்கொள்ள அவன்தான். கொஞ்சம் குண்டாக இருப்பான், அல்லது கறுப்பாக இருப்பான், அல்லது இங்கிலீஷ் தடுமாறும், அல்லது ஊரிலிருந்து கொண்டுவந்த பேச்சு இன்னும் மாறியிருக்காது. அவனை வைத்து ஒரு ரவுண்டு ஓட்டுவார்கள். அவனும் சிரிப்பான். சில சமயம் எல்லோரையும் விடச் சத்தமாகச் சிரிப்பான். (பெண்கள் மேசையில் இதெல்லாம் நடப்பதில்லை என்று யாராவது சொன்னால் நம்ப வேண்டாம்.)

ஏன் சிரிக்கிறான்? சிரிக்காவிட்டால் என்ன நடக்கும் என்று அவனுக்குத் தெரியும். "இவன் ரொம்ப சென்சிட்டிவ்டா, இவன்கிட்ட எதுவும் பேசக் கூடாது" என்று புதிதாக ஒரு பட்டம் கிடைக்கும். அதையே வைத்து இன்னொரு ரவுண்டு ஓட்டுவார்கள். அதற்கும் முகம் வாடினால் நாளைக்கு அந்த மேசையில் இடம் இருக்காது. வீட்டிலிருந்து இருநூறு கிலோமீட்டர் தள்ளி வந்து விடுதியில் தங்கிப் படிக்கிற பையனுக்கு அந்த மேசைதான் ஊர், அதுதான் உறவு. அதை விட்டால் போக்கிடம் இல்லை. அவன் சிரிப்பது அந்த நாற்காலிக்கு அவன் கொடுக்கிற வாடகை.

இன்னும் விவரமான பையன்கள் உண்டு. மற்றவர்கள் ஆரம்பிக்கும் முன்னால் தன் தொப்பையைத் தானே கேலி செய்துவிடுவார்கள். "நாங்கள்லாம் ஆட்டோவில ஏறினா ஆட்டோக்காரரே இறங்கிடுவாரு" என்று முந்திக்கொள்வார்கள். கூட்டம் கைதட்டும், "செம ஸ்போர்டிவ்டா நீ" என்று பாராட்டும். அது தாராள மனசு என்று நினைத்தால் நினைத்துக்கொள்ளுங்கள். பல நேரங்களில் அது இன்சூரன்ஸ் பிரீமியம். பெரிய அடி விழாமல் இருக்கத் தினமும் தனக்குத் தானே சின்னதாக ஒரு அடி கொடுத்துக்கொள்கிறான்.

இது ஏதோ மென்மையான மனசுக்காரர்களின் புலம்பல் என்று தோன்றினால், தமிழ்நாட்டில் நடந்த ஒரு விஷயத்தை நினைவுபடுத்திக்கொள்வது நல்லது. 1996 நவம்பரில் சிதம்பரம் அண்ணாமலைப் பல்கலைக்கழகத்தின் மருத்துவக் கல்லூரியில் முதலாண்டு படித்த பொன் நாவரசு கொலை செய்யப்பட்டார். ராகிங்கில் தொடங்கிய கொலை அது. சீனியர் மாணவர் ஒருவர் தண்டிக்கப்பட்டு, உயர் நீதிமன்றத்தில் விடுவிக்கப்பட்டு, கடைசியில் 2011-ல் உச்ச நீதிமன்றம் தண்டனையை உறுதி செய்தது. அந்தக் கொலைக்குப் பிறகுதான் 1997-ல் தமிழ்நாட்டில் ராகிங்கைத் தடை செய்யும் சட்டமே வந்தது. 2 ஆண்டு வரை சிறை, 10,000 ரூபாய் வரை அபராதம்.

அந்தச் சட்டத்தில் ராகிங் என்றால் என்ன என்று விளக்குகிற இடம் எல்லா மாணவர்களும் ஒரு முறையாவது படிக்க வேண்டியது. கேலி செய்வது, திட்டுவது, விளையாட்டாக ஏமாற்றுவது, காயப்படுத்துவது எல்லாம் அங்கே ஒரே மூச்சில் வருகின்றன. உடம்புக்கு மட்டுமில்லை, மனசுக்கு வருகிற பாதிப்பும் கணக்கில் உண்டு. பயம், வெட்கம், கூச்சம் உண்டாக்கினாலும் அது ராகிங்தான். இவ்வளவு சொல்கிற அந்த விளக்கத்தில் ஒரு கேள்வி மட்டும் இல்லை. அந்தப் பையன் சிரித்தானா என்று சட்டம் கேட்கவே இல்லை.

சரி, அதற்காக நண்பர்கள் ஒருவரையொருவர் கலாய்க்கவே கூடாதா? கலாய்க்காத நட்பு என்ன நட்பு? நியாயமான கேள்வி. இதற்குப் பதில் தேட வெளியூர் எல்லாம் போக வேண்டாம், நம் வீட்டுக் கல்யாணத்துக்குப் போனால் போதும்.

யார் யாரைக் கேலி செய்யலாம் என்பதற்கு நம்மிடம் ஒரு சட்டம் உண்டு. எங்கேயும் எழுதி வைக்காத சட்டம். அதற்குப் பெயர் 'முறை'. மாமன் மச்சான், அத்தை மகன், மாமன் மகள், கொழுந்தன், மதினி, சம்பந்தி... இவர்களெல்லாம் கேலி முறை. என்ன வேண்டுமானாலும் ஓட்டலாம். அதுவே அண்ணன், சித்தப்பா, பெரியப்பா என்றால் வாயை மூடிக்கொண்டு இருக்க வேண்டும். நலங்கில் மாப்பிள்ளை தலையில் அப்பளம் உடைப்பதும், சம்பந்தி வீட்டாரைக் கிண்டலடித்துப் பாடுவதும், முறைப்பெண்கள் மஞ்சள் தண்ணீர் ஊற்றுவதும் இந்தச் சட்டப்படிதான். பெண் வீட்டார் பாடினால் மாப்பிள்ளை வீட்டார் சும்மா இருக்க மாட்டார்கள், பதிலுக்குப் பாடுவார்கள். பாட வேண்டும்! பாடத் தெரியாவிட்டால்தான் அவமானம்.

இந்த ஏற்பாட்டில் ஒரு சூட்சுமம் இருக்கிறது. ஒருவன் இன்னொருவனுக்கு மச்சான் என்றால் அந்த இன்னொருவனும் இவனுக்கு மச்சான். அதாவது கேலி செய்கிற உரிமை கிடைக்கும்போதே, கேலிக்கு ஆளாகிற கடமையும் சேர்ந்தே வந்துவிடுகிறது. ஒன்றை மட்டும் எடுத்துக்கொண்டு மற்றதை வேண்டாம் என்று சொல்ல முடியாது.

பழையதெல்லாம் பொன் என்று இதை வைத்துச் சொல்லிவிடவும் முடியாது. இந்த முறையெல்லாம் சொந்த சாதிக்குள், சொந்தத் தெருவுக்குள்தான். தெருவைத் தாண்டினால் கேலி ஒருவழிப் பாதை ஆகிவிடும். பட்டப்பெயர் வைக்கிறவர்கள் ஒரு தெரு, வாங்கிக்கொள்கிறவர்கள் இன்னொரு தெரு. வாங்கியவர் திருப்பிக் கொடுத்தால் அன்றைக்கு ஊர் இரண்டாகும். ஆக, ஊருக்கே இந்த வித்தியாசம் நன்றாகத் தெரிந்திருந்தது. திருப்பிக் கொடுக்க முடிந்த இடத்தில் அது கேலி, முடியாத இடத்தில் அது அடி.

இப்போது கல்லூரியில் ஆளாளுக்கு 'மச்சான்', 'மாப்ள' என்று கூப்பிட்டுக்கொள்கிறார்கள். எவ்வளவு பொருத்தமான வார்த்தை! உறவில் கேலிக்கென்றே ஒதுக்கிய முறையைத்தான் எடுத்து நட்புக்கு வைத்திருக்கிறார்கள். ஆனால் எடுத்தவர்கள் உரிமையை மட்டும் எடுத்துக்கொண்டு கடமையை ஊரிலேயே விட்டுவிட்டு வந்துவிட்டார்கள். அந்த ஊறுகாய்ப் பையன் ஒருநாள், ஒரே ஒருநாள், மேசையின் ராஜாவைப் பார்த்து அதே மாதிரி ஒரு ஜோக் அடிக்கட்டும். ராஜாவின் அப்பா தொழிலைப் பற்றியோ, அவருக்கு விழுந்த அரியர் பற்றியோ. மேசை அமைதியாகிவிடும். "லிமிட் தாண்டாதே மச்சான்" என்பார்கள். நேற்று வரைக்கும் இல்லாத லிமிட் இன்றைக்கு எங்கிருந்து முளைத்தது?

காமர்ஸ் படிக்கிறவர்களுக்கு முதல் வருடமே இரட்டைப் பதிவு முறை சொல்லித் தருவார்கள். ஒரு கணக்கில் பற்று எழுதினால் இன்னொரு கணக்கில் வரவு எழுதியாக வேண்டும். கடைசியில் இருப்பாய்வு போட்டால் இரண்டு பக்கமும் டேலி ஆக வேண்டும். கேண்டீன் மேசைக் கணக்கும் அழகாக டேலி ஆகிவிடும். ஐந்து பேர் கணக்கில் வரவு, ஒருவன் கணக்கில் பற்று, கூட்டிப் பார்த்தால் சரியாக இருக்கும். எல்லோரும் சிரித்தார்கள், எல்லாம் சரி! ஆனால் அதே பாடத்தில் இன்னொன்றும் சொல்லித் தருவார்கள், பரீட்சையில் கூடக் கேட்பார்கள். இருப்பாய்வு டேலி ஆகிவிட்டது என்பதாலேயே கணக்கில் பிழை இல்லை என்று ஆகிவிடாது. ஐந்து பேர் செலவை ஒருவன் கணக்கிலேயே எழுதிக்கொண்டு போனாலும் அது டேலி ஆகும்.

இந்தக் கணக்கு எழுதும் பழக்கத்தில் சினிமாவுக்கு ஒரு பங்கு இருக்கிறது. எல்லாப் பழியையும் சினிமா மேல் போடுவது சோம்பேறித்தனம்தான் என்றாலும் இதில் தப்பிக்க முடியாது. கவுண்டமணி, செந்தில் ஜோடியை எடுத்துக்கொள்ளுங்கள். தலையைச் சொல்லி, வாயைச் சொல்லி, உடம்பைச் சொல்லி கவுண்டமணி திட்டாத திட்டு கிடையாது. ஆனால் 'கரகாட்டக்காரன்' (1989) வாழைப்பழக் காட்சியை நினைத்துப் பாருங்கள். அடி வாங்குவது செந்தில், தோற்பது கவுண்டமணி! இரண்டு பழத்தில் ஒன்று எங்கே என்ற கேள்விக்கு செந்தில் சொல்கிற பதிலை உலகத்தில் எந்த வக்கீலாலும் உடைக்க முடியாது. அந்த ஜோடிக்குள் கொடுக்கல் வாங்கல் இருந்தது. பள்ளிக்கூடத்துக்கு வந்து சேர்ந்ததோ திட்டு மட்டும்தான். மூன்றாவது பெஞ்சில் இருக்கிற குண்டுப் பையனுக்குக் கவுண்டமணியின் வசவு கிடைத்தது, செந்திலின் பதில் கிடைக்கவில்லை.

'சின்னத் தம்பி' (1991) படத்தில் கவுண்டமணிக்கு மாலைக்கண். பொழுது சாய்ந்தால் கண் தெரியாது, அதை மறைக்க அவர் படுகிற பாடுதான் காமெடி. தமிழ்நாடே சிரித்தது, இன்றைக்கும் டிவியில் ஓடுகிறது. மாலைக்கண் எதனால் வருகிறது? பெரும்பாலும் வைட்டமின் 'ஏ' குறைவால். சத்தான சாப்பாடு கிடைக்காத ஏழைக் குழந்தைகளுக்கு வருகிற நோய். அந்தக் காட்சியை எழுதியவர்களுக்கோ பார்த்தவர்களுக்கோ கெட்ட எண்ணம் இருந்தது என்று யாரும் சொல்ல முடியாது. யாருக்கும் தோன்றவில்லை, அவ்வளவுதான். தோன்றாமல் போவதுதான் இதில் பெரிய தொல்லையே.

ஆனால் 'சிவாஜி' (2007) படத்தில் வருகிற அங்கவை, சங்கவை காமெடிக்கு அந்தச் சலுகையும் கொடுக்க முடியாது. பக்கத்து வீட்டுக்காரராக வரும் சாலமன் பாப்பையா தன் இரண்டு பெண்களைக் கதாநாயகனுக்குக் கட்டிவைக்கப் பார்ப்பார். அவர்களைப் பார்த்ததுமே பதறுவார்கள். ஜோக் என்ன? அவர்கள் கறுப்பு. அவ்வளவுதான் ஜோக். பாரியின் மகள்களுக்கு வழங்கி வரும் பெயர்கள் அவை. அப்பாவையும் மலையையும் இழந்த துயரத்தை அந்தப் பாரி மகளிர் பாடிய பாட்டு புறநானூற்றில் இருக்கிறது. இரண்டாயிரம் வருடத்துப் பெயரை எடுத்து, வெயிலில் கறுத்த ஒரு நாட்டில், கறுப்பாக இருப்பதே சிரிப்பு என்று காட்டியிருக்கிறார்கள். அந்த வருடம் ஜூன் மாதம் பள்ளிக்கூடம் திறந்தபோது எத்தனை பெண் குழந்தைகளுக்கு அந்தப் பெயர் ஒட்டிக்கொண்டிருக்கும்? இதில் இன்னொரு வேதனை, சாலமன் பாப்பையா பட்டிமன்ற மேடையில் யார் மனமும் நோகாமல் மணிக்கணக்கில் சிரிக்க வைக்கத் தெரிந்த தமிழ்ப் பேராசிரியர்.

இதே நமக்கு வலித்த கதையும் உண்டு. 'படோசன்' (1968) என்ற இந்திப் படத்தில் மெஹமூத் தென்னிந்திய சங்கீத வாத்தியாராக வருவார். குடுமியும் வேட்டியும் உச்சரிப்பும்தான் ஜோக். 2013-ல் 'சென்னை எக்ஸ்பிரஸ்' வந்தபோது தமிழர்களை இப்படியா காட்டுவது என்று இங்கே பலருக்குக் கோபம் வந்தது. நியாயமான கோபம். ஆனால் அதே கோபக்காரர்கள்தான், வாழ்க்கையில் ஒரு சர்தார்ஜியைக் கூட நேரில் பார்க்காமல், செல்போனில் சர்தார்ஜி ஜோக்காக அனுப்பித் தள்ளினார்கள். அந்த ஜோக்குகளைத் தடை செய்யச் சொல்லி உச்ச நீதிமன்றம் வரை போனார்கள். இப்படித்தான் ஒழுக்கமாக நடக்க வேண்டும் என்று மக்களுக்கு நீதிமன்றம் உத்தரவு போட முடியாது என்று 2017-ல் சொல்லிவிட்டார்கள். அதுவும் சரிதான். எந்த ஜோக் வலிக்கும் என்று போலீஸ்காரர் வந்து சொல்ல வேண்டிய நிலைமை வந்தால் அப்புறம் யாரும் சிரிக்கவே முடியாது.

"அப்ப எதை வெச்சுத்தான்யா சிரிக்கிறது?" என்று கேட்கிறவர்களுக்குத் தொல்காப்பியர் பதில் வைத்திருக்கிறார். எட்டு மெய்ப்பாடுகளில் அவர் முதலில் வைப்பது நகை. அழுகை கூட அதற்கு அப்புறம்தான்! நகை நான்கு இடங்களிலிருந்து பிறக்கும் என்கிறார். எள்ளல், இளமை, பேதைமை, மடன். எள்ளல் என்றால் இகழ்ந்து சிரிப்பது. இளமை, குழந்தைத்தனம். பேதைமை, அறியாமை. மடன், சொன்னதை அப்படியே நம்பிவிடுகிற வெள்ளந்தித்தனம். நான்கில் எள்ளல் ஒன்றுதான் குத்துவதற்கென்றே இருப்பது. மற்ற மூன்றும் பாதிக்கு மேல் சும்மாவே கிடக்கின்றன, நம் ஆட்கள் அந்த ஒன்றையே போட்டுத் தேய்க்கிறார்கள்.

மற்ற மூன்றில் என்ன இருக்கிறது என்று பார்க்க தேவனின் 'துப்பறியும் சாம்பு' போதும். சாம்பு ஒரு பேங்க் குமாஸ்தா. முட்டாள் என்று ஊரே முடிவு கட்டிய ஆசாமி. அவர் உளறுவதும் தடுக்கி விழுவதும் எப்படியோ திருடனைப் பிடிப்பதில் போய் முடியும், எல்லோரும் அவரை மேதாவி என்று கொண்டாடுவார்கள். படித்து முடிக்கும்போது சாம்பு மேல் பிரியம்தான் வரும். 'காதலிக்க நேரமில்லை'யில் (1964) நாகேஷ், பாலையாவுக்குப் பேய்க்கதை சொல்கிற காட்சி இன்னொன்று. அறுபது வருடம் ஆகிவிட்டது. கதை கேட்கிற பாலையாவின் முகத்தில் பயம் ஏற ஏற நமக்குச் சிரிப்பு ஏறுகிறது. அந்தக் காட்சியில் யாருடைய நிறமும் இல்லை, யாருடைய சாதியும் இல்லை, யாருடைய மனைவியும் இல்லை. (வாரப் பத்திரிகை ஜோக்குகளில் மனைவி கையில் இருக்கும் பூரிக்கட்டையைப் பிடுங்கிவிட்டால் பாதிப் பக்கம் காலியாகிவிடும் என்பது தனிக்கதை.)

வசைக்குப் பேர் போன காளமேகமே ஒரு இடத்தில் வழி காட்டுகிறார். ஆய்ச்சி ஒருத்தியிடம் மோர் வாங்கிக் குடித்தாராம். ஒரே தண்ணீர். வானத்தில் இருந்தால் மேகம், தரையில் விழுந்தால் நீர், ஆய்ச்சி கைக்கு வந்தால் மோர், மூன்று பெயர் வாங்கிவிட்டாயே என்று பாடினார். யாரைப் பார்த்து? மோரைப் பார்த்து! அந்த அம்மாவிடம் நேராக ஒரு வார்த்தை சொல்லவில்லை. சரக்கைப் பற்றித்தான் புகார், ஆளைப் பற்றி இல்லை. ஹாஸ்டல் சாம்பார் ஜோக்குகள் தலைமுறை தலைமுறையாக ஓடுவதற்கும் இதுதான் காரணமாக இருக்க வேண்டும். அந்த ஜோக்கைக் கேட்டு சமையல்கார அண்ணனும் சிரிப்பார். எவ்வளவு பருப்புப் போட்டோம் என்று அவருக்குத் தெரியாதா :)

வடிவேலு விஷயம் இதிலிருந்து கொஞ்சம் வித்தியாசம். 'வின்னர்' (2003) கைப்புள்ளயும் 'தலைநகரம்' (2006) நாய் சேகரும் யாரைக் கேலி செய்கிறார்கள்? தெருவுக்குத் தெரு நெஞ்சை நிமிர்த்திக்கொண்டு திரிகிற வெட்டி வீராப்பை. அடியெல்லாம் அவர் மேல்தான் விழுகிறது, உடைவது அந்த வீராப்பு. அதனால்தான் அவர் முகம் தமிழனின் பொது முகமாகிவிட்டது. மீம் போடுகிறவர்கள் வடிவேலு படத்தை எடுத்துப் பெரும்பாலும் யாருக்கு ஒட்டுகிறார்கள் என்று கவனித்திருக்கிறீர்களா? தங்களுக்கே. மாதக் கடைசி, பரீட்சைக்கு முந்தின ராத்திரி, இன்டர்வியூவில் முழித்தது எல்லாவற்றுக்கும் வடிவேலுதான். 2019 மே மாதம் 'பிரண்ட்ஸ்' (2001) படத்து கான்ட்ராக்டர் நேசமணி தலையில் சுத்தியல் விழுந்ததற்காக உலகமே பிரார்த்தனை செய்தது. பதினெட்டு வருடத்துக்கு முந்தைய ஒரு கற்பனைக் காயத்துக்காக! அந்தக் கூத்தில் யார் மனம் புண்பட்டது?

ஒரு பேச்சுக்கு, புண்படுவது என்றாலே தப்பு என்று வைத்துக்கொள்வோம். அப்போது இன்னொரு ஆபத்து வரும். 1987-ல் ஆனந்த விகடன் அட்டையில் ஒரு ஜோக் வந்தது. மேடையில் இருக்கிறவர்களில் எம்.எல்.ஏ. யார், மந்திரி யார் என்று ஒருவர் கேட்க, ஜேப்படித் திருடன் மாதிரி இருப்பவர் எம்.எல்.ஏ., முகமூடிக் கொள்ளைக்காரன் மாதிரி இருப்பவர் மந்திரி என்று இன்னொருவர் சொல்வார். சட்டமன்றத்தின் மனம் புண்பட்டுவிட்டது. ஆசிரியர் எஸ். பாலசுப்ரமணியனுக்கு 3 மாதக் கடுங்காவல். நாடு முழுக்க எதிர்ப்புக் கிளம்பவே சில நாளில் விட்டுவிட்டார்கள். அவர் சும்மா விடவில்லை, வழக்குப் போட்டு 1,000 ரூபாய் இழப்பீடு வாங்கினார். இங்கே புண்பட்டவர்கள் கையில் ஜெயில் சாவி இருந்தது. கேண்டீன் பையன் கையில் என்ன இருக்கிறது? இரண்டையும் 'புண்படுதல்' என்ற ஒரே வார்த்தையால் சொல்வதால்தான் குழப்பமே. சாதிச் சங்கமும் கட்சிக்காரரும் "எங்கள் மனம் புண்படுகிறது" என்று கொடி பிடிக்கும்போது, அவர்கள் திருப்பி அடிக்க முடியாதவர்களா என்று ஒரு தடவை பார்த்துக்கொள்ள வேண்டும்.

கலைவாணர் என்.எஸ். கிருஷ்ணனுக்கு இந்த மேடு பள்ளம் துல்லியமாகத் தெரிந்திருந்தது. 'நல்லதம்பி' (1949) படத்தில் அவர் செய்த கிந்தனார் காலட்சேபம், நந்தனார் கதை மாதிரியே நடக்கும். நந்தன் ஏங்கியது சிதம்பரத்துக்கு, கிந்தன் ஏங்குவது படிப்புக்கு. சேரியில் பிறந்த பையன் படிக்க ஆசைப்படுகிறான், அதைக் கேட்டுக் கூட்டம் சிரிக்கிறது. ஆனால் பையனைப் பார்த்து இல்லை. அவனைப் படிக்கவிடாத ஊரைப் பார்த்து. அதே பையனை வைத்துப் பத்து மலிவான ஜோக் அடித்திருக்கலாம், அதற்கும் அந்தக் காலத்தில் கைதட்டல் விழுந்திருக்கும்.

2024 ஜூலையில் உச்ச நீதிமன்றம் ஒரு இந்திப் படம் தொடர்பான வழக்கில் கிட்டத்தட்ட இதையே சட்ட மொழியில் சொன்னது. மாற்றுத்திறனாளிகளின் வாழ்க்கையைப் புரிந்துகொள்ள உதவும் நகைச்சுவை வேறு, அவர்களை முடக்கிப் போடும் நகைச்சுவை வேறு என்று பிரித்துக் காட்டியது. படத்தைத் தடை செய்யவில்லை. அவர்களைப் பற்றிப் படம் எடுத்தால் அவர்களையும் கேட்டுக்கொண்டு எடுங்கள் என்றது. கேட்பதற்கு என்ன கஷ்டம்? தமிழ்நாட்டில் திருநங்கைகளுக்கு நல வாரியம் வந்தது 2008-ல், இந்தியாவிலேயே முதல் முறையாக. ஏழு வருடம் கழித்து 2015-ல் 'ஐ' படம் தங்களைக் கேவலமாகக் காட்டுகிறது என்று அதே திருநங்கைகள் சென்னையில் தெருவில் இறங்கிப் போராட வேண்டியிருந்தது. எழுதும்போது ஒரே ஒருவரைக் கூப்பிட்டுப் படித்துக் காட்டியிருந்தால் போதும். அந்த ஆளே அந்த அறையில் இருக்கிறார் என்று நினைத்தால் பாதி ஜோக்குகள் வாயிலேயே நின்றுவிடும். நிற்காத மீதிப் பாதி அநேகமாக நல்ல ஜோக்காகத்தான் இருக்கும்.

வாட்ஸ்அப் வந்த பிறகு இந்த அறை என்பதே இல்லாமல் போய்விட்டது. முன்பாவது கேலி கேட்டவன் எதிரே உட்கார்ந்திருந்தான், அவன் முகம் வாடினால் ஒருவனாவது "விடுங்கடா" என்பான். இப்போது அவன் தூங்கும்போது எடுத்த போட்டோ, அவனே இல்லாத குரூப்பில் ஸ்டிக்கராகச் சுற்றுகிறது. அவன் சிரித்தானா அழுதானா என்று பார்க்கக் கூட ஆள் இல்லை. 'அவனும் சிரிச்சானே' என்ற சாக்குக்கும் இனி வழியில்லை.

இவ்வளவு பேசிவிட்டுக் கடி ஜோக்கைப் பற்றிச் சொல்லாமல் விட்டால் பாவம். தமிழ்நாட்டு மாணவர்கள் உலகுக்கு அளித்த கொடை அது. அதற்கு ஊறுகாய் வேண்டாம். கேட்கிற அத்தனை பேருக்கும் சமமாக வலிக்கும், ஒருவர் கூடத் தப்ப முடியாது. அதைவிட விசேஷம், கடைசியில் அடி வாங்குகிறவர் ஜோக் சொன்னவர்தான். உதாரணத்துக்கு ஒன்று. ஒரு அக்கவுண்டன்ட் பஸ்ஸில் ஏறினார். சீட் காலியாக இருந்தும் உட்காராமல் ஒற்றைக் காலில் நின்றுகொண்டே வந்தார். "ஏன் சார், உட்காரலாமே?" என்றார் கண்டக்டர். "இருங்க, பேலன்ஸ் பார்த்துக்கிட்டு இருக்கேன்" என்றாராம்.

அடிக்க வருகிறவர்கள் வரிசையில் வரவும்.